நாடி பார்த்த கைகள்

நுழையும்முன்

நோயாளி ஒருவர் வந்து அமர்ந்தவுடன் நல்ல மருத்துவர் மருந்துச்சீட்டை எழுதத் தொடங்குவதில்லை. எங்கே வலிக்கிறது, எப்போதிருந்து வலிக்கிறது, என்ன உண்டீர், எங்கே உறங்குகிறீர் என்று கேட்கிறார். நோயாளி சொல்லி முடிக்கும்வரை காத்திருக்கிறார். இந்தப் பொறுமையைச் சிற்றூர் ஒன்றில் கற்ற மருத்துவர் ஒருவர், பின்னாளில் ஒரு நாட்டையே ஆளும் பொறுப்பை ஏற்றார். சிற்றூரில் அவருக்குப் புகழ் சேர்த்த அதே பொறுமை தலைநகரில் அவருக்கு இகழ்ச்சியைத் தேடித்தந்தது. அர்ஜென்டினா நாட்டின் ஆர்துரோ இலியா என்னும் அம்மருத்துவரின் வாழ்க்கை நம்மை எண்ணிப்பார்க்கத் தூண்டுகிறது.

பிறப்பும் கல்வியும்

தென்அமெரிக்கக் கண்டத்தின் தென்கோடியில் நீண்டு கிடக்கும் நாடு அர்ஜென்டினா. பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் இத்தாலி, ஸ்பெயின் முதலிய நாடுகளிலிருந்து இலட்சக்கணக்கான மக்கள் பிழைப்புத்தேடி அங்குக் குடியேறினர். அவ்வாறு வந்த இத்தாலியக் குடும்பம் ஒன்றில், பெர்காமினோ என்னும் ஊரில், 1900-ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்கள் 4-ஆம் நாள் ஆர்துரோ உம்பர்த்தோ இலியா பிறந்தார். சுற்றிலும் கோதுமையும் சோளமும் விளையும் சமவெளி. உழைத்தால் உயரலாம் என்ற நம்பிக்கை ஒன்றே அக்குடும்பங்களின் முதலீடாக இருந்தது.

பள்ளிக்கல்வியைச் சொந்த ஊரிலும் தலைநகர் பியூனஸ் அயர்சிலும் முடித்த இலியா, 1918-ஆம் ஆண்டு பியூனஸ் அயர்ஸ் பல்கலைக்கழகத்தில் மருத்துவம் பயிலச் சேர்ந்தார். அதே ஆண்டில்தான் கோர்தோபா நகர மாணவர்கள் பல்கலைக்கழகச் சீர்திருத்தம் வேண்டிக் கிளர்ந்தெழுந்தனர். பல்கலைக்கழகம் தன்னைத்தானே ஆளவேண்டும். அதன் நிருவாகத்தில் மாணவருக்கும் இடம் வேண்டும். பழைய பாடங்களையே ஓதிக்கொண்டிருக்கும் முறை மாறவேண்டும் என்பன அவர்களின் கோரிக்கைகள். அந்த அலை நாடு முழுவதும் பரவிக் கண்டம் முழுவதையும் தொட்டது. பதினெட்டு வயது இலியாவும் அதில் பங்குகொண்டார். உடற்கூறும் நோய்க்கூறும் கற்ற அதே காலத்தில், கேள்வி கேட்பது குடிமகனின் உரிமை என்பதையும் அவர் கற்றுக்கொண்டார்.

1927-ஆம் ஆண்டு அவர் மருத்துவப் பட்டம் பெற்றார். அடுத்த ஆண்டு, நாட்டின் குடியரசுத் தலைவராக இருந்த இப்போலிதோ இரிகோயெனைச் சந்திக்கும் வாய்ப்பு அவருக்குக் கிட்டியது. மருத்துவராகப் பணியாற்ற விரும்புவதாக இலியா கூறினார். இரயில் துறையின் மருத்துவர் பணியிடங்கள் பல ஊர்களில் இருப்பதைச் சொல்லி, வேண்டிய ஊரைத் தெரிந்தெடுக்குமாறு இரிகோயென் கேட்டுக்கொண்டார். இலியா தெரிந்தெடுத்தது கோர்தோபா மாநிலத்தின் வடமேற்கில் மலையடிவாரத்தில் இருந்த குரூஸ் தெல் எஹே என்னும் சிற்றூரை.

இரயில்பாதை ஓரத்து மருத்துவர்

1929-ஆம் ஆண்டு இலியா அந்த ஊருக்கு வந்துசேர்ந்தார். மழை குறைந்த வறண்ட நிலம். முட்புதர்கள் மண்டிய காடு. கோடையில் அனல் வீசும் காற்று. இரயில்வண்டிகளைப் பழுதுபார்க்கும் பெரிய பணிமனை ஒன்று அங்கே இருந்தது. ஊருக்குள் பணிமனைத் தொழிலாளர்கள் வாழ்ந்தனர். ஊருக்கு வெளியே, மண்சுவரும் கூரையுமான குடிசைகளில், விறகு வெட்டியும் ஆடு வளர்த்தும் பிழைத்த எளிய மக்கள் சிதறிக் கிடந்தனர்.

மருத்துவமனைக்கு வர இயலாதவரை மருத்துவர் தேடிச்செல்ல வேண்டியிருந்தது. இலியா குதிரையின்மீதும், ஒற்றைக் குதிரை பூட்டிய சிறு வண்டியிலும், சிலபோது கால்நடையாகவும் சென்று மருத்துவம் பார்த்தார். பணம் தர இயன்றவர் தந்தனர். இயலாதவரிடம் அவர் கேட்கவில்லை. மருந்து வாங்கப் பணமில்லாதவர்க்குத் தம் பணத்திலேயே மருந்து வாங்கிக் கொடுத்தார்.

இத்தகைய ஊரில் மருத்துவம் பார்ப்பவருக்கு ஓர் உண்மை விரைவில் புலப்படும். எடுத்துக்காட்டாக, அப்பகுதி மண்வீடுகளில் பரவியிருந்த சாகஸ் நோயைக் கூறலாம். அங்கு வின்சூக்கா என்று வழங்கும் ஒருவகைப் பூச்சி, மண்சுவரின் வெடிப்புகளிலும் கூரையின் இடுக்குகளிலும் பகலெல்லாம் பதுங்கியிருக்கும். இரவில் இறங்கி வந்து உறங்குவோரின் குருதியை உறிஞ்சும். அப்போது அதன் கழிவின்வழியே நோய்க்கிருமி மனித உடலுக்குள் புகுந்துவிடும். கடிபட்டவர் நலமாகவே நடமாடுவார். பத்து, இருபது ஆண்டுகள் கழித்து இதயம் வீங்கித் தளர்ந்து அவர் மாண்டுபோகவும் கூடும். நோய் தெரிவது நெஞ்சில். அதன் வேர் இருப்பதோ சுவரின் வெடிப்பில். நெஞ்சுக்கு மருந்து கொடுத்துக்கொண்டே சுவரைப் பூசாமல் விட்டால் அடுத்த தலைமுறையும் நோய்ப்படும். காசநோயும் அவ்வாறே, காற்றில்லாத அறையும் சத்தில்லாத உணவும் அதனை வளர்க்கின்றன. ஆகவே நல்ல வீடு, நல்ல நீர், போதிய கூலி ஆகியவையும் மருந்துகளே. ஆனால் அவை மருந்துக்கடையில் கிடைப்பதில்லை. சட்டம் இயற்றும் அவையில்தான் அவற்றைத் தேடவேண்டும். மருத்துவர் இலியாவை அரசியலுக்கு அழைத்துச்சென்ற பாதை இதுவே.

ஊர் கொடுத்த வீடு

1930-ஆம் ஆண்டு செப்டம்பரில் இராணுவம் ஆட்சியைக் கைப்பற்றியது. அர்ஜென்டினாவின் இருபதாம் நூற்றாண்டு வரலாற்றில் நிகழ்ந்த பல இராணுவப் புரட்சிகளுள் அதுவே முதலாவது. இரிகோயென் பதவி இழந்தார். அவருடைய ராடிக்கல் கட்சியைச் சார்ந்தவர் என்பதால் இலியாவும் இரயில் துறை வேலையை இழந்தார். மாதச் சம்பளம் நின்றுபோயிற்று. தலைநகர் திரும்பி வசதியாக வாழ அவருக்கு வழியிருந்தது. எனினும் அவர் அந்த ஊரைவிட்டுப் போகவில்லை. வேலை போனபின்னும் நோயாளிகள் இருந்தார்களே! துணைஆளுநராகப் பணியாற்றிய ஆண்டுகள் நீங்கலாக, 1963 வரை அந்த ஊரே அவருடைய ஊர். மருத்துவமே அவருடைய தொழில்.

1939-ஆம் ஆண்டு சில்வியா மார்த்தோரெல் என்னும் பெண்மணியை அவர் மணந்தார். இருவருக்கும் மக்கள் மூவர். ஊரார் அனைவருக்கும் மருத்துவம் பார்த்தவருக்குச் சொந்த வீடு மட்டும் இல்லை. இதை அறிந்த ஊர்மக்கள், ஆளுக்குச் சிறுதொகை எனத் திரட்டி, 1944-ஆம் ஆண்டு அவருக்கு ஒரு வீட்டை வாங்கிக் கொடுத்தனர். அவருடைய வாழ்நாளில் அவருக்கென்று இருந்த வீடு அது ஒன்றே. கட்டணம் வாங்காமல் பார்த்த மருத்துவத்திற்கு ஊர் தன் வழியில் கட்டணம் செலுத்திவிட்டது. இன்று அந்த வீடு அவருடைய நினைவு இல்லமாக விளங்குகிறது.

அவையேறிய மருத்துவர்

1935-ஆம் ஆண்டு கோர்தோபா மாநில மேலவைக்கு இலியா தேர்ந்தெடுக்கப்பெற்றார். நிதிநிலை பற்றிய குழுவில் பணியாற்றிய அவர், அணைகள் கட்டப்பெற வேண்டும் என்று வற்புறுத்தினார். அவற்றுள் ஒன்று குரூஸ் தெல் எஹே அணை. வறண்ட நிலத்தில் நீர் வந்தால் பயிர் விளையும். பயிர் விளைந்தால் உணவு கிடைக்கும். உணவு கிடைத்தால் நோய் குறையும். நோயாளியின் வீட்டு வாசலில் நின்று பார்த்தவருக்கே இந்தக் கணக்கு விளங்கும். பின்னாளில் அந்த அணைக்கு அவருடைய பெயரே சூட்டப்பெற்றது.

1940-ஆம் ஆண்டு அவர் மாநிலத் துணைஆளுநர் ஆனார். 1943-இல் மீண்டும் ஓர் இராணுவப் புரட்சி நிகழ்ந்தது, பதவி பறிபோயிற்று. அவர் மருத்துவப் பையை எடுத்துக்கொண்டு ஊருக்குத் திரும்பினார். 1948 முதல் 1952 வரை நாடாளுமன்ற உறுப்பினராக இருந்தார். பதவிக்காலம் முடிந்ததும் மீண்டும் நோயாளிகளிடம் திரும்பினார். 1962-இல் கோர்தோபாவின் ஆளுநராகத் தேர்ந்தெடுக்கப்பெற்றார். ஆனால் இராணுவத் தலையீட்டைத் தொடர்ந்து அந்தத் தேர்தலே செல்லாதென அறிவிக்கப்பட்டது. பதவி வருவதும் போவதுமாக இருந்தது. தொழிலும் ஊரும் நிலையாக இருந்தன.

கால்பங்கு வாக்கு

அந்நாளைய அர்ஜென்டின அரசியலைச் சிறிது அறிந்துகொள்வது தேவை. 1946 முதல் 1955 வரை ஆண்ட ஹுவான் பெரோன், தொழிலாளர்களின் பேரன்பையும் எதிர்த்தரப்பினரின் கடும்பகையையும் ஒருங்கே பெற்றவர். 1955-இல் இராணுவம் அவரை நாட்டைவிட்டு அகற்றியது. அவருடைய இயக்கத்தைத் தேர்தலில் நிற்கவொட்டாமல் தடுத்தது. நாட்டின் மிகப்பெரிய வாக்காளர் திரள் ஒன்றுக்கு வாக்களிக்கத் தன் கட்சி இல்லாத நிலை உருவாயிற்று.

இந்தச் சூழலில் 1963-ஆம் ஆண்டு சூலை 7-ஆம் நாள் குடியரசுத் தலைவர் தேர்தல் நடந்தது. இலியாவின் கட்சி முதலிடம் பெற்றது. ஆனால் அது பெற்ற வாக்குகள் ஏறத்தாழ 25 விழுக்காடே. பெரோன் ஆதரவாளர்கள் பலர் எதிர்ப்பைக் காட்ட வெற்றுச்சீட்டையே பெட்டியில் இட்டனர். தேர்வாளர் குழுவில் பிற கட்சிகள் சிலவற்றின் ஆதரவையும் பெற்று இலியா குடியரசுத் தலைவரானார். அக்டோபர் 12-ஆம் நாள் பதவியேற்றார். அப்போது அவருக்கு வயது அறுபத்து மூன்று.

தம் அதிகாரத்தின் அடித்தளம் எவ்வளவு மெல்லியது என்பதை இலியா அறிந்திருந்தார். நான்கில் ஒரு பங்கு வாக்கோடு வந்தவர் இருவழிகளுள் ஒன்றைத் தெரிந்தெடுக்கலாம். எதிர்ப்போரை மேலும் ஒடுக்கித் தம் இருக்கையைக் காத்துக்கொள்வது ஒரு வழி. வெளியே நிறுத்தப்பட்டவரை உள்ளே அழைப்பது மற்றொரு வழி. இலியா இரண்டாம் வழியைத் தெரிந்தெடுத்தார். பெரோன் ஆதரவாளர்கள் கூட்டம் கூடவும் தேர்தலில் நிற்கவும் இருந்த தடைகளைத் தளர்த்தினார். 1965-ஆம் ஆண்டு நாடாளுமன்றத் தேர்தலில் அவர்கள் களம் கண்டு, ஆளுங்கட்சியைவிட மிகுதியான வாக்குகளும் பெற்றனர். தம்மைத் தோற்கடிக்கக்கூடியவர்க்குக் கதவைத் திறந்துவிட்ட ஆட்சியாளர்கள் வரலாற்றில் மிகச்சிலரே.

மருந்தும் எழுத்தும்

நாட்டின் நலவாழ்வுத் துறையை ஆர்துரோ ஓன்யாதிவியா என்பவரிடம் இலியா ஒப்படைத்தார். அவரும் மருத்துவர், வடக்கே சால்தா மாநிலத்தில் மலைமக்களை வாட்டிய முன்கழுத்துக் கழலை நோயை ஆராய்ந்தவர். இருவருமாகச் சேர்ந்து மருந்து விலையை ஆராயத் தொடங்கினர். அடக்க விலைக்கும் விற்கும் விலைக்கும் இடையே மலைக்கும் மடுவுக்குமான வேறுபாடு இருந்தது. மருந்துகள் சிலவற்றில், உறையின்மேல் எழுதியிருந்த பொருள் சொல்லிய அளவில் உள்ளே இல்லை என்பதும் வெளிப்பட்டது.

1964-ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்களில் மருந்துச் சட்டம் நிறைவேறியது. ஓன்யாதிவியா சட்டம் என்றே அது வழங்கப்பெற்றது. மருந்து என்பது ஏனைய சரக்குகளைப் போன்றதன்று. அது சமுதாயத்தின் பொதுநலனுக்குரிய பொருள் என்பது அச்சட்டத்தின் அடிப்படை. மருந்து விலைகள் முந்தைய ஆண்டின் இறுதியில் இருந்த அளவிலேயே நிறுத்தப்பெற்றன. நிறுவனங்கள் தம் உற்பத்திச் செலவை உறுதிமொழியோடு கணக்குக்காட்ட வேண்டும் என்று விதிக்கப்பெற்றது. விளம்பரச் செலவுக்கும், உரிமத்தொகை என்று வெளிநாட்டுக்கு அனுப்பும் பணத்துக்கும் வரம்பு கட்டப்பெற்றது. குரூஸ் தெல் எஹேயில் ஏழை ஒருவருக்குத் தம் சட்டைப்பையிலிருந்து மருந்து வாங்கித்தந்த மருத்துவர், அந்த ஒரு செயல் ஓர் ஊருக்கு மட்டுமே போதும் என்பதை உணர்ந்திருந்தார். நாடு முழுவதற்கும் தரவேண்டுமாயின் சட்டம் வேண்டும்.

அதே ஆண்டில் குறைந்தபட்சக் கூலியை வரையறுக்கும் சட்டமும் வந்தது. அரசு, முதலாளிகள், தொழிலாளர்கள் ஆகிய முத்தரப்பும் அமர்ந்து கூலியை முடிவுசெய்யும் அவை ஒன்று உருவாக்கப்பெற்றது. கல்விக்கான பங்கு, நாட்டின் வரவுசெலவுத் திட்டத்தில் 1963-இல் 12 விழுக்காடாக இருந்தது. அது 1965-இல் 23 விழுக்காடாக உயர்ந்தது. 1964-ஆம் ஆண்டு நவம்பரில் எழுத்தறிவு இயக்கம் தொடங்கியது. 1965-ஆம் ஆண்டின் நடுப்பகுதிக்குள் நாடெங்கும் ஏறத்தாழ 12,500 மையங்களில் 3,50,000-க்கும் மேற்பட்ட முதியோர் எழுதப்படிக்கக் கற்றுக்கொண்டிருந்தனர். அவர்களுள் எண்பது வயதைக் கடந்தவர்களும் இருந்தனர். கைந்நாட்டு இட்ட விரல்கள் தம் பெயரை எழுதக் கற்றன.

பொருளாதாரமும் தளர்ச்சி நீங்கி எழுந்தது. 1964, 1965 ஆகிய இரு ஆண்டுகளிலும் நாட்டின் உற்பத்தி ஆண்டுக்கு 9 விழுக்காட்டுக்கும் மேலாக வளர்ந்தது. குறைகளும் இல்லாமல் இல்லை. விலைவாசி ஏற்றம் தொடர்ந்தது. தேர்தலின்போது வாக்களித்தபடி வெளிநாட்டு எண்ணெய் நிறுவனங்களோடு முந்தைய அரசு செய்திருந்த ஒப்பந்தங்களை அவர் நீக்கினார். அதனால் இழப்பீடு தரவேண்டிய சுமையும் வந்தது. அச்செயல் சரியா என்பது குறித்து இன்றும் இருவேறு கருத்துகள் உண்டு.

ஆமை என்னும் பெயர்

தலைநகரின் இதழ்கள் இலியாவைக் கேலிச்சித்திரங்களில் ஆமையாக வரைந்தன. தலையில் புறா வந்து அமர்ந்தாலும் அசையாதவராக வரைந்தோரும் உண்டு. வெண்முடியும் தளர்ந்த நடையும் மெல்லிய குரலும் உடைய அந்த முதியவர், பரபரப்பான மாநகருக்குப் பழங்காலத்து மனிதராகத் தோன்றினார். நாட்டுக்கு வேகமும் வலிமையும் உள்ள தலைவர் வேண்டும் என்று சில வார இதழ்கள் தொடர்ந்து எழுதின. எவரும் தம்மை எள்ளி நகையாடலாம் என்ற உரிமையை இலியா பறிக்கவில்லை. இதழ்களுக்குத் தடையில்லை, எழுதியவர்க்குச் சிறையில்லை.

1964-இல் தொழிற்சங்கங்கள் பெரும் போராட்டம் ஒன்றை நடத்தின. ஆயிரக்கணக்கான தொழிற்சாலைகளைத் தொழிலாளர்கள் அடுத்தடுத்துக் கைப்பற்றி அமர்ந்தனர். இராணுவத்தை ஏவி அவர்களை விரட்ட வேண்டும் என்று பலர் கூறினர். இலியா அவ்வாறு செய்யவில்லை. துப்பாக்கி இல்லாமல் நீதிமன்றத்தின் வழியே அதனை எதிர்கொண்டார். இதுவும் தயக்கம் என்றே தூற்றப்பட்டது.

சற்று நின்று எண்ணிப்பார்த்தால் ஒன்று விளங்கும். காய்ச்சல் கண்டவுடன் கத்தியை எடுப்பவரை நாம் திறமையான மருத்துவர் என்று சொல்வதில்லை. உடல் தானே தேறுவதற்குக் காலம் கொடுப்பதும் மருத்துவத்தின் ஒரு பகுதியே. அந்தக் காத்திருப்பில் சோம்பல் இல்லை. இடைவிடாத கவனம் இருக்கிறது. நோயாளியின் படுக்கையருகே விடியும்வரை கண்விழித்து அமர்ந்திருக்கும் மருத்துவர் வெளிப்பார்வைக்கு ஒன்றும் செய்யாதவராகவே தெரிவார். குரூஸ் தெல் எஹேயின் மக்கள் அந்த விழிப்பை அருகிலிருந்து கண்டவர்கள். தலைநகரத்தார் தொலைவிலிருந்து பார்த்தனர். அவர்களுக்கு அமர்ந்திருப்பது மட்டுமே தெரிந்தது.

விடியாத இரவு

1967-ஆம் ஆண்டுத் தேர்தல்களில் பெரோன் ஆதரவாளர்கள் பல மாநிலங்களில் வெல்லக்கூடும் என்ற அச்சம் இராணுவத் தலைமையிடம் இருந்தது. மருந்துச் சட்டத்தால் வருவாய் குன்றியவர்களும், எண்ணெய் ஒப்பந்தங்களை இழந்தவர்களும் ஆட்சியை வெறுத்தனர். தொழிற்சங்கத் தலைவர்களும் அதற்குத் துணைநிற்கவில்லை. புரட்சி வரப்போகிறது என்று இதழ்கள் வெளிப்படையாகவே எழுதின.

1966-ஆம் ஆண்டு சூன் 28-ஆம் நாள் விடியுமுன், குடியரசுத் தலைவர் மாளிகைக்குள் படைத்தலைவர் அல்சோகராய் நுழைந்தார். இலியா தம் அறையில் உடன்பணியாற்றியோர் சூழ அமர்ந்திருந்தார். மாளிகையைவிட்டு வெளியேறுமாறு அல்சோகராய் பணித்தார். இலியா இருக்கையைவிட்டு எழவில்லை. படைகளின் தலைமைத் தளபதி அரசமைப்பின்படி தாமே என்றும், வந்திருப்பவர்கள் இரவில் புகும் கொள்ளையர்க்கு ஒப்பானவர்கள் என்றும் முகத்துக்கு நேரே கூறினார். படைத்தலைவர் திரும்பிச்சென்றார். பின்னர்க் கர்னல் பெர்லிங்கர் என்பவர் வந்தார். அவருக்கும் அதே மறுமொழிதான். இறுதியில் கண்ணீர்ப்புகைத் துப்பாக்கி ஏந்திய காவலர்கள் அறைக்குள் வந்து, அங்கிருந்தவர்களை நெருக்கித் தள்ளிக்கொண்டே வெளியேற்றினர். காலைப்பொழுதில் அந்த முதியவர் மாளிகையின் படிகளில் இறங்கினார். தமக்கென முன்வந்த அரசு வாகனத்தை மறுத்துவிட்டுத் தம் உடன்பிறந்தாரின் வீட்டுக்குச் சென்றார்.

நகரில் பெரிய எதிர்ப்பு எழவில்லை. படைத்தலைவர் ஒன்கானியா ஆட்சிப்பொறுப்பை ஏற்றார். ஒரு திங்களுக்குப்பின், சூலை 29-ஆம் நாள் இரவில், காவல்துறையினர் பியூனஸ் அயர்ஸ் பல்கலைக்கழகத்துள் புகுந்து பேராசிரியர்களையும் மாணவர்களையும் தடிகளால் அடித்து விரட்டினர். 'நீள்தடிகளின் இரவு' என்று வரலாறு அதனைக் குறிக்கிறது. தொடர்ந்து நூற்றுக்கணக்கான அறிவியலாளர்கள் நாட்டைவிட்டு வெளியேறினர். 1918-இல் மாணவர்கள் கேட்டுப்பெற்ற பல்கலைக்கழகத் தன்னாட்சி ஒரே இரவில் அழிந்தது. மருந்துச் சட்டமும் நீக்கப்பெற்றது. வேகம் வேண்டும் என்று கேட்டவர்களுக்கு வேகம் கிடைத்தது. அது சென்றுசேர்ந்த இடத்தை அவர்கள் பின்னரே கண்டனர்.

வெறுங்கையோடு

ஆட்சியிழந்த சில வாரங்களிலேயே இலியாவுக்கு மற்றொரு பேரிழப்பு நேர்ந்தது. புற்றுநோயால் துன்புற்ற அவருடைய மனைவி சில்வியா 1966-ஆம் ஆண்டு செப்டம்பரில் காலமானார். மனைவியின் மருத்துவச் செலவுக்காக அவர் தம் காரையும் விற்றிருந்தார். நாட்டையாண்டவர் ஆட்சிக்கு வந்தபோது வைத்திருந்ததைவிடக் குறைந்த உடைமையோடு வெளியேறினார். முன்னாள் குடியரசுத் தலைவர்க்குரிய ஓய்வூதியத்தையும் அவர் ஏற்கவில்லை. எளிமையாக வாழ்ந்தார், மக்களாட்சி மீளவேண்டும் என்று ஊர் ஊராகச் சென்று பேசினார்.

பத்தாண்டுகள் கழித்து, 1976-இல், அன்று அவரை வெளியேற்ற வந்த பெர்லிங்கர் அவருக்குக் கடிதம் எழுதி மன்னிப்பு வேண்டினார். அந்தப் புரட்சியை எழுத்தால் வளர்த்த இதழாளர்கள் சிலரும் தாம் செய்தது தவறென்று பின்னாளில் ஒப்புக்கொண்டனர். அந்த 1976-இல்தான் அர்ஜென்டினாவின் மிகக் கொடிய இராணுவ ஆட்சி தொடங்கியது. ஆயிரக்கணக்கானோர் கடத்தப்பட்டுக் காணாமற்போயினர். அச்சம் நிறைந்த அந்நாள்களில்தான், தம்மை எள்ளியவரையும் சிறையிடாத அந்த ஆமையின் ஆட்சியைப் பலர் ஏக்கத்தோடு நினைத்துப்பார்த்தனர்.

1983-ஆம் ஆண்டு சனவரி 18-ஆம் நாள் இலியா தம் எண்பத்திரண்டாம் வயதில் கோர்தோபாவில் மறைந்தார். அவருடைய உடல் பியூனஸ் அயர்சின் ரெக்கோலேத்தா கல்லறைத் தோட்டத்தில், இரிகோயென் துயிலும் அதே நினைவிடத்தில் வைக்கப்பெற்றது. அவ்வாண்டு திசம்பர் 10-ஆம் நாள், இலியாவின் கட்சியைச் சேர்ந்த ரவுல் அல்போன்சின், தேர்தலில் வென்று குடியரசுத் தலைவராகப் பதவியேற்றார். மக்களாட்சி திரும்பியது. அதனைக் காண இலியா இல்லை.

இலியாவைக் குற்றமற்ற தலைவர் என்று சொல்வதற்காக அவருடைய வரலாறு இங்குக் கூறப்பெறவில்லை. தம் ஆட்சிக்குத் துணைநிற்கக்கூடிய ஆற்றல்களை ஒன்றுதிரட்ட அவரால் இயலவில்லை. தாம் செய்வதை மக்களுக்கு எடுத்துரைக்கும் கலையிலும் அவர் வல்லவரல்லர். ஆயினும் பிழைகளைத் திருத்தும் வழியை அவருடைய ஆட்சி திறந்தே வைத்திருந்தது. இதழ்கள் திட்டலாம்; தொழிலாளர்கள் போராடலாம்; எதிர்க்கட்சி வெல்லலாம். மக்களுக்கு அவர்மீது மனக்குறை இருந்திருந்தால் அடுத்த தேர்தலில் அவரை மாற்றியிருக்கலாம். அந்தத் தேர்தல்வரை காத்திருக்கத்தான் நாட்டுக்குப் பொறுமை இல்லாமற்போயிற்று. அதற்கு அந்நாடு கொடுத்த விலை பதினேழு ஆண்டுக்காலத் துயரம்; இடையே சிறிது காலமே மக்களாட்சி மின்னி மறைந்தது.

நாளை வாக்களிக்கப்போகும் இளைஞர் ஒவ்வொருவரும் தலைவர்களை எடைபோடும் நாள் வரும். உரத்த குரலும் விரைந்த கையும் கண்ணை எளிதில் கவரும். நோயாளி பேசி முடிக்கும்வரை காத்திருக்கும் காதினைக் கண்டுகொள்வதற்குத்தான் பழக்கம் வேண்டும். குரூஸ் தெல் எஹேயின் தொழிலாளர்களுக்கும் விறகுவெட்டிகளுக்கும் அந்தப் பழக்கம் இருந்தது. அதனால்தான் அவர்கள் தம் சிறுசேமிப்பைத் திரட்டி மருத்துவருக்கு ஒரு வீடு வாங்கிக் கொடுத்தார்கள்.

தெரிந்து தெளிவோம்

மருத்துவம் பயின்று நாட்டை ஆண்டோர் பலர். சீனக் குடியரசின் முதல் தற்காலிகத் தலைவரான சன் யாட்-சென், சிலி நாட்டின் சால்வதோர் அயேந்தே, மலேசியாவின் மகாதீர் முகமது ஆகியோர் மருத்துவர்களே. மேற்கு வங்க முதலமைச்சராக விளங்கிய பிதான் சந்திர ராய் பிறந்த சூலை 1-ஆம் நாளை இந்தியா தேசிய மருத்துவர் நாளாகக் கொண்டாடுகிறது. சென்னைச் சட்டமன்ற மேலவையின் துணைத்தலைவராகப் பணியாற்றிய முத்துலெட்சுமியும் மருத்துவரே.

கற்பவை கற்றபின்

1. உங்கள் ஊரில் நீண்டகாலம் மருத்துவப் பணியாற்றிய ஒருவரைச் சந்தித்து, அன்று மிகுதியாக இருந்த நோய்களையும் அவை குறைந்ததற்கான காரணங்களையும் கேட்டறிந்து வகுப்பறையில் பகிர்க.

2. 'மருந்து ஏனைய சரக்குகளைப் போன்றதன்று' என்னும் கருத்தை ஒட்டியும் வெட்டியும் குழுவாகப் பிரிந்து உரையாடுக.

3. 'பொறுமை – வலிமையா, தயக்கமா?' என்னும் தலைப்பில், இலியாவின் ஆட்சி நிகழ்ச்சிகளைச் சான்றாகக் கொண்டு ஒருபக்க அளவில் கட்டுரை எழுதுக.